பக்கத்து இலை

தமிழ்நாட்டில் சோறு போடுவதன் வரலாறு மிகப் பழையது. எல்லோரும் ஒரே வரிசையில் உட்கார்ந்து சாப்பிடுவதன் வரலாறு அதில் பத்தில் ஒரு பங்குகூட இராது. இரண்டையும் விருந்தோம்பல் என்ற ஒரே கணக்கில் எழுதிவைத்துப் பெருமைப்பட்டுக்கொள்கிறோம். பந்திச் சாப்பாட்டுக்கென்று தனி இன்பம் உண்டு, அதை யாரும் மறுக்க மாட்டார்கள். சாம்பார், ரசம், மோர் என்று முன்பின் தெரியாதவர்களும் ஒரே வேகத்தில் இலையைக் கடப்பதும், போதும் என்று மறித்த கைக்கு மேலேயே இன்னொரு கரண்டி விழுவதும் தனியாகச் சாப்பிடுகிறவனுக்குக் கிடைக்காதவை. பக்கத்து இலைக்குப் பாயசம் கேட்பது நம் ஊரின் பழைய தந்திரம். ஆனால் அந்தத் தந்திரத்துக்குக்கூட முதலில் பக்கத்து இலையில் உட்கார இடம் கிடைத்தாக வேண்டும். அந்த இடம் தானமாக வந்ததில்லை, சண்டை போட்டுப் பெறப்பட்டது என்பதே என் வாதம்.

தானத்தின் கதையை முதலில் பார்ப்போம். சிவயோகிகளுக்கும் பிராமணர்களுக்கும் அமுது படைக்க நிலமும் நெல்லும் பொன்னும் எழுதிவைத்த சோழர் காலக் கல்வெட்டுகள் ஏராளம். யாருக்கு அந்தச் சோறு என்பதைக் கல்லிலேயே வெட்டிவிட்டார்கள். தஞ்சை மராட்டியர் காலத்துச் சத்திரங்கள் இதைவிடத் தாராளமானவை. ஒரத்தநாட்டில் முத்தாம்பாள் சத்திரத்தைக் கட்டிய இரண்டாம் சரபோஜி, தம் நாட்டுச் சத்திரங்களைக் கம்பெனி அதிகாரிகள் கைவைக்காமல் காப்பதற்காக எழுதிய கடிதம் ஒன்று உண்டு. பிராமணர் முதல் பறையர் வரை வழிப்போக்கர் அனைவருக்கும் அங்கே சோறு உண்டு, சமைத்த சோற்றை உண்ண விரும்பாதவர்களுக்கு அரிசியும் மசாலாப் பொருள்களும் கொடுத்துவிடுவோம் என்று அதில் சொல்கிறார். அந்தக் காலத்துக்கு இது பெரிய மனசுதான். ஆனால் பிற்பகுதியைக் கவனியுங்கள். அடுத்தவர் அடுப்பில் வெந்ததை உண்ணாதவருக்கும் சத்திரத்தில் முறையான ஏற்பாடு இருந்தது. எவரும் பட்டினியாகத் திரும்ப வேண்டியதில்லை, எவரும் எவரோடும் சேர்ந்து உண்ண வேண்டியதும் இல்லை.

சங்க காலத்தில் அதியமானும் ஒளவையும் கள்ளையும் சோற்றையும் பகிர்ந்துகொள்ளவில்லையா என்று கேட்கலாம். நல்ல கேள்வி. புறநானூற்றுப் பாணர்கள் மன்னனுக்கு அருகில் இருந்து உண்டவர்கள்தான். தனிப்பந்தி ஆதியிலிருந்தே நம்மோடு பிறந்த இயல்பல்ல என்பதற்கு அதையே சான்றாகவும் எடுத்துக்கொள்ளலாம். ஆனாலும் அது புரவலன் தான் விரும்பிய புலவருக்குத் தந்த இடம். ஊர் பேர் கேட்காமல், பசியை மட்டுமே தகுதியாக வைத்து எல்லோருக்கும் இடம் விட்டது 1867 மே 23 அன்று வடலூரில் வள்ளலார் தொடங்கிய சத்திய தருமச்சாலை. சாதி, சமயம், ஊர் எதையும் பார்ப்பதில்லை என்பது அதன் விதி. அன்று மூட்டிய அடுப்பு இன்றுவரை அணையாமல் எரிகிறது. அடுப்பு அணையாததை வியந்து எழுதுகிறவர்கள் பலர், அந்த விதியை வியந்தவர்கள் குறைவு. அரை நூற்றாண்டு கழித்து, 1917இல், கேரளத்துச் செறாயியில் சகோதரன் அய்யப்பன் ஈழவர்களையும் புலையர்களையும் சேர்ந்து உண்ணச் செய்தார். அதற்காக அவரைப் ‘புலையன் அய்யப்பன்’ என்று ஏசினார்கள். தானம் செய்தவரை யாரும் ஏசியதில்லை.

இந்தக் கேள்வி தமிழக அரசியலையே இரண்டாகப் பிளந்த இடம் சேரன்மாதேவி. வ.வே.சு. ஐயர் 1920களின் தொடக்கத்தில் நிறுவிய குருகுலத்துக்குப் பல சாதியாரும் பணம் தந்தார்கள். தமிழ்நாடு காங்கிரஸ் ஐயாயிரம் ரூபாய் தந்தது. அங்கே இரண்டு பிராமணச் சிறுவர்களுக்கு மட்டும் தனியாக உணவு பரிமாறப்படுவது தெரிந்ததும், வரதராஜுலு நாயுடுவும் ஈ.வெ.ராமசாமியும் எதிர்த்துக் கிளம்பினார்கள். ஐயர் தரப்பையும் நியாயமாகச் சொல்லிவிட வேண்டும். அவர் யாரோடும் கலந்து உண்டவர். பெற்றோர் விருப்பத்தை மீற வேண்டாம் என்பதே அவர் நிலை. சமபந்தி தீண்டாமை ஒழிப்புக்கு இன்றியமையாதது அல்ல என்றுதான் காந்தியும் அந்தக் காலத்தில் கருதினார். யாரோடு உண்பது என்பது அவரவர் விருப்பம், அதில் பிறர் தலையிடலாமா என்ற இந்த வாதம் இன்றும் கேட்கிறது. வீட்டுக்குள் அதற்கு இடம் இருக்கலாம். பொதுப் பணத்தில் தேசத் தொண்டர்களை உருவாக்கப் புறப்பட்ட பள்ளியில் தனி இலை என்பது விருப்பமாக நிற்காது, பாடமாகிவிடும். மற்றப் பிள்ளைகள் அந்தப் பாடத்தைத் தினமும் படித்தார்கள். 1925 ஜூனில் ஐயர் பாபநாசம் அருவியில் மகளைக் காப்பாற்றப் போய் உயிரிழந்தார். அதே ஆண்டு ஈ.வெ.ரா. காங்கிரசை விட்டு வெளியேறினார்.

காசு வந்தால் இதெல்லாம் தானாகக் கரைந்துவிடும் என்று நம்பியவர்களும் உண்டு. ஓட்டலில் காசுதானே சாதி என்பார்கள். வரலாறு அப்படிச் சொல்லவில்லை. ரயில் நிலைய உணவு விடுதிகளில் பிராமணருக்கும் மற்றவருக்கும் தனித்தனி இடம் என்ற ஏற்பாடு போராட்டத்துக்குப் பிறகே, 1941இல் ஒழிந்தது. ரயிலுக்குள் முழங்கால் இடிக்க உட்கார்ந்து வந்தவர்கள் இட்லிக்காகப் பிரிந்து போன காலம் அது. ஓட்டல் பலகைகளில் ‘பிராமணாள்’ என்று எழுதுவதை எதிர்த்து 1957இல் திருவல்லிக்கேணி முரளி கபே முன் மாதக்கணக்கில் மறியல் செய்ய வேண்டியிருந்தது. கிராமத்து டீக்கடைகளின் இரட்டைக் குவளை அதற்குப் பின்னும் நெடுநாள் ஓடியது, இரண்டு குவளைக்கும் ஒரே விலையில். வீட்டுக் கல்யாணத்தில் சமைத்துப் பரிமாறிய பெண்கள் கடைசிப் பந்தியில் ஆறிய சோறு தின்ற கதைக்குப் பலகையும் இல்லை, மறியலும் இல்லை.

இவை எல்லாவற்றையும்விட அதிகமாகப் பந்தியை மாற்றியது பள்ளிக்கூடத் தட்டு. 1920இல் சென்னை மாநகராட்சி ஆயிரம் விளக்குப் பள்ளியில் தொடங்கிய சிறு முயற்சி சில ஆண்டுகளில் நின்றது. காமராஜர் 1956இல் எட்டயபுரத்தில் தொடங்கி மதிய உணவை மாநிலம் முழுக்கக் கொண்டுபோனார். எம்.ஜி.ஆர். 1982இல் அதைச் சத்துணவாக்கினார். அது பசிக்குப் போட்ட சோறு, அதில் என்ன இன்பம் என்று கேட்பவர்கள் உண்டு. முட்டை போடும் நாளில் பள்ளிக்கூடத்தை எட்டிப் பார்த்தவர்கள் இதைக் கேட்க மாட்டார்கள். ஒரே குண்டானிலிருந்து ஒரே கரண்டியால் வாங்கிய சோற்றைப் பக்கத்தில் இருப்பவன் சாதி கேட்காமல் தின்ற தலைமுறைகள் அங்கே வளர்ந்தன. பந்தியில் இடம் கிடைத்ததும் சண்டை சமையலறைக்கு இடம்மாறியது. யார் உட்காரலாம் என்று கேட்க முடியாமல் போனவர்கள் யார் சமைக்கலாம் என்று கேட்டார்கள். இதை முன்கூட்டி உணர்ந்ததுபோல், சமையலர் நியமனத்தில் தலித்துகளுக்கு முன்னுரிமை தர வேண்டும் என்று 2004இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. ஆனாலும் 2018இல் அவிநாசி அருகே தலித் பெண் சமைக்கக் கூடாது என்று பெற்றோர் சிலர் பள்ளியை முற்றுகையிட்டார்கள். அவரை இடமாற்றம் செய்து, கடும் எதிர்ப்புக்குப் பிறகே அந்த உத்தரவை ரத்து செய்தார்கள். 2023இல் காலை உணவுத் திட்டத்திலும் அதே எதிர்ப்பு எழுந்தது. அப்படி எழுந்த ஊர்களில் ஒன்று எட்டயபுரத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. அமைச்சர் ஒருவர் அங்கே நேரில் போய், எதிர்ப்புக்கு ஆளான சமையலர் சமைத்ததைப் பிள்ளைகளோடு உட்கார்ந்து சாப்பிட்டார்.