இசை நாடகக் குரலும் அதன் சமூக அடித்தளமும்: கே. பி. சுந்தராம்பாளை முன்வைத்து

அவிசாவளையிலிருந்து அட்டனுக்கு மலையேறும் பாதையில், இறப்பரும் தேயிலையும் சந்திக்கும் இடத்தில் உள்ளது கித்துல்கல. இப்பகுதித் தொழிலாளரின் கலையெனின் காமன்கூத்தையே நாம் முதலிற் கூறுவது வழக்கம். ஆயின் அவர்தம் காதுகளில் ஒலித்த இன்னொரு மரபும் உண்டு. அதுவே தமிழகக் கம்பெனிகளின் இசை நாடகம். மேனாட்டார் ஒப்பேரா என வழங்குவதற்குத் தமிழில் மிக நெருங்கிய வடிவம் இது எனலாம். அதன் தலையாய குரல்களுள் ஒன்றான கே. பி. சுந்தராம்பாளின் வாழ்க்கையைப் பக்தியின் கதையாகவே நம்மவர் எழுதி வந்துள்ளனர். அதனை உழைப்பின் கதையாகவும் நோக்குதல் வேண்டும்.

1908இல் கொடுமுடியிற் பிறந்த அவர், வறுமையின் காரணமாகச் சிறுவயதில் புகைவண்டியிற் பாடிப் பிழைத்தவர். அக்குரலே அவரை வேலு நாயர் கம்பெனிக்குக் கொண்டு சென்றது. அங்கு ‘நல்லதங்காள்’ நாடகத்திற் பசித்த பிள்ளையாக நடித்தார். பசியை நடிக்க அவருக்கு வாத்தியார் தேவைப்பட்டிருக்கமாட்டார். ஆனாற் பாட்டுக்கு வாத்தியார் தேவை. கம்பெனி வாத்தியாரே பாடலை இயற்றி, மெட்டமைத்து, குரலைப் பழக்கி, ஒழுக்கத்தையும் கண்காணித்தார். சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) இம்மரபின் பேராசான். 1918இல் மதுரையில் அவர் அமைத்த தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை, சிறுவரைக் கொண்டே நடத்தப்பட்டது. ஒலிபெருக்கியற்ற கொட்டகையிற் கடைசி வரிசைக்கும் எட்டுமாறு, உச்சச் சுருதியில் விடியும்வரை பாடுதல் வேண்டும். வறிய வீட்டுப் பிள்ளைகளின் தொண்டையே கம்பெனியின் மூலதனத்தைப் பெருக்கிற்று. தோட்டத் தொழிலாளரைக் கடனாற் பிணித்த துண்டு முறை 1921இல் ஒழிக்கப்பட்டது என்பதை இங்கு நினைவுகூரலாம். இரண்டும் ஒன்றல்ல, ஆயினும் ஒரே காலத்து வறுமையே இரண்டுக்கும் ஆட்களை அனுப்பியது.

1926இல் கொழும்பிலே சுந்தராம்பாளும் எஸ். ஜி. கிட்டப்பாவும் ‘வள்ளி திருமண’த்தில் இணைந்து நடித்தனர். மறுவருடம் மணம் புரிந்தனர். கிட்டப்பா முன்னரே மணமானவர், சாதியாலும் வேறுபட்டவர். மேடையில் வள்ளியை முருகனுக்கு மணமுடித்து வைத்து மகிழ்ந்த சமூகம், மேடைக்கு வெளியே அத்தகைய இணைப்பை எளிதில் ஏற்கவில்லை. 1933இல் கிட்டப்பா இறந்தார். இருபத்தைந்து வயதில் வெண்ணிற ஆடை பூண்ட சுந்தராம்பாள், எந்த ஆடவருடனும் இணையாக நடிப்பதில்லை என உறுதிபூண்டார். 1980இல் மறையும்வரை அக்கோலம் மாறவில்லை.

இந்த உறுதியே 1935இல் அவரை ‘நந்தனார்’ படத்தில் ஆண் வேடத்துக்கு இட்டுச் சென்றது எனலாம். அவர் பெற்ற ஒரு இலட்சம் ரூபா பற்றி இன்றும் வியந்து பேசுவர். அத்தொகையிலும் நமக்கு முக்கியமானது அப்பாத்திரமே. பெரியபுராணத்தில் இல்லாத பண்ணைவேதியரைக் கோபாலகிருஷ்ண பாரதியார் தம் கீர்த்தனை நாடகத்திற் படைத்தார். அதன்பின் நந்தன் இறைவனைத் தேடும் அடியவன் மட்டுமல்லன். நிலவுடைமையாளனிடம் ஒருநாள் விடுப்புக்கு இரந்து நிற்கும் கூலியாளுமாவான். பேர்பெற்ற சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர் வேதியராகத் தோன்ற, புகைவண்டியிற் பாடிப் பிழைத்த பெண் பண்ணையாளாக நின்று பாடினாள். பெரட்டுக் களத்தில் நின்று பழகியவருக்கு அந்த இரத்தலின் பொருளை எவரும் விளக்கவேண்டியதில்லை. 1953இன் ‘ஔவையார்’ அவருக்குப் பெரும்புகழ் தந்தது உண்மையே. எனினும் முரண்பாடு தணிந்து உபதேசம் மேலோங்கிய படம் அது என்பது நம் கருத்து.

தோட்டத்துப் பெண்ணுக்கோ மேடை கிட்டவில்லை. காமன்கூத்தில் ரதியாகவும் ஆடவரே ஆடி வந்தனர். மலையகத்தில் மக்கள் கூட்டத்தின் நடுவே பெண்குரல் எழுந்தது வேறொரு தளத்தில். கோ. நடேசய்யரின் துணைவியார் மீனாட்சியம்மாள், தொழிற்சங்கக் கூட்டங்களிற் பாடினார். கேட்போர் உடன் பாடத்தக்க வழக்கிலுள்ள மெட்டுகளில், தொழிலாளரின் குறைகளைப் பாட்டாக்கினார். 1940இல் அப்பாடல்கள் ‘இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமை’ என்ற சிறு நூலாக வெளிவந்தன.