பேரையே பத்திரிகை ஆக்கியவர்

விழுப்புரம், திண்டிவனம் பக்கம் சொந்த ஊர் இருக்கிறவங்க சென்னையிலிருந்து கிளம்பினா மதுராந்தகத்தைத் தாண்டித்தான் போவாங்க. அந்த மதுராந்தகம் பக்கத்துல கோழியாளம்னு ஒரு கிராமம். இரட்டைமலை சீனிவாசன் பிறந்த ஊர்.

1893 அக்டோபர்ல அவர் சென்னையில ஒரு பத்திரிகை தொடங்கினார். பேரு 'பறையன்'. எந்தப் பேரைச் சொல்லி ஊர் இழிவுபடுத்துச்சோ, அதையே முகப்புல அச்சடிச்சார். அந்தப் பேரைச் சொல்ல நாமே கூசினா உரிமையை எப்படிக் கேட்கிறதுங்கிறதுதான் அவர் வாதம்.

4 பக்க மாத இதழ், மூணே மாசத்துல வார இதழாச்சு. பிறகு சொந்த அச்சகம். 1900 வரைக்கும் வந்தது.

ஐ.சி.எஸ். தேர்வை இந்தியாவிலயும் நடத்தணும்னு காங்கிரஸ் கேட்டப்போ இவர் எதிர்த்தார். வெள்ளைக்காரன் விசுவாசமான்னு கேட்கலாம். அவர் பார்த்த கணக்கு வேற: படிக்கவே விடாத சமூகத்துல பதவியெல்லாம் மேல்சாதிக்குத்தானே போகும்? 3,412 பேர் கையெழுத்தோட லண்டனுக்கு மனு அனுப்பினார்.

1930-ல வட்டமேசை மாநாட்டுக்காக அம்பேத்கரோட லண்டனுக்கே போனார். அன்னைக்கு மனு போன ஊருக்கு, இப்போ அவரே நேர்ல போய்ப் பேசினார்.

அடுத்த தடவை ஊருக்குப் போறப்போ, மதுராந்தகம் போர்டு கண்ணுல பட்டா இவரை நினைச்சுக்கோங்க.