தெருவில் நிற்கும் பிள்ளை: அமெரிக்கப் படைப்புகளில் நகரமும் குழந்தைமையும்

எங்கள் ஒன்றுகூடல்களில் பிள்ளைகளைப் பற்றிப் பேச்சு எழுந்தால் ஒரு வாக்கியம் எப்படியும் வந்து சேரும்: "இந்த ரவுண் பிள்ளையளைக் கெடுத்துப்போடும்." சொல்பவரிடம் ஆதாரம் கேட்டால், அது பெரும்பாலும் அவர் பார்த்த அமெரிக்கப் படமொன்றாகவே இருக்கும். தொப்பியைத் திருப்பிப் போட்ட பையன்கள், சுவரெழுத்து, பொலிஸ் வாகனத்தின் சுழலும் விளக்கு. நாங்கள் வந்து சேர்ந்த நகரங்களை எங்கள் கண்ணால் பார்ப்பதற்கு முன்னரே அமெரிக்கா அவற்றை எங்களுக்குக் காட்டிவிட்டது. அந்தக் காட்சிக்கு ஒரு வரலாறு உண்டு. அந்த வரலாற்றுக்குள்ளேயே அதனை மறுக்கும் இன்னொரு பார்வையும் தொடர்ந்து இருந்து வந்திருக்கிறது. இவ்விரண்டையும் பற்றியே இங்கு எழுத முயல்கிறேன்.

இரண்டு பார்வைகளையும் இரண்டு கேள்விகளாகச் சுருக்கிக் கொள்ளலாம். தெருவில் நிற்கும் பிள்ளையைப் பார்த்து, 'இவன் என்னவாகப் போகிறான்?' என்று கேட்பது ஒன்று. 'இவன் இப்போது யார்?' என்று கேட்பது மற்றையது. முதலாவது கேள்வி அக்கறையிலிருந்து பிறப்பதுபோலத் தோன்றும். பல சமயங்களில் அது உண்மையும் கூட. ஆனால் அந்த அக்கறைக்குள் ஒரு அச்சம் ஒளிந்திருக்கிறது. அந்த அச்சம் எங்கே போய் முடிந்தது என்பதைப் பின்னர் பார்ப்போம்.

1890இல் வெளிவந்த ஜேக்கப் றீஸின் 'ஹவ் தி அதர் ஹாஃப் லிவ்ஸ்' என்ற நூல் நியூயோர்க்கின் வாடகைக் குடியிருப்புகளை மத்தியதர வர்க்கத்தின் கண்முன் கொண்டுவந்து நிறுத்தியது. றீஸ் டென்மார்க்கிலிருந்து வந்த குடியேற்றவாசி. பொலிஸ் செய்தியாளராக வேலை பார்த்தவர். இருண்ட அறைகளுக்குள் மக்னீசியத் தூளை எரித்துப் படம் பிடித்தார். தெருவோரத்தில் ஒருவர்மேல் ஒருவர் சாய்ந்து தூங்கும் சிறுவர்களின் படங்கள் இன்றுவரை மறுபதிப்பாகின்றன. தூங்குவதுபோல் பாவனை செய்யச் சொல்லி எடுத்தவையும் அவற்றில் உண்டு. றீஸின் நோக்கத்தை நான் சந்தேகிக்கவில்லை. அவரது நூல் வீடமைப்புச் சீர்திருத்தத்திற்கு உதவியது. ஆனால் நகரத்துப் பிள்ளை அங்கே ஒரு சாட்சியப் பொருளாகவே இருக்கிறான். அவனுக்குப் பேச்சில்லை.

பேச்சு வந்தது 1934இல், ஹென்றி றொத்தின் 'கோல் இற் ஸ்லீப்' நாவலில். கலீசியாவிலிருந்து தாயுடன் 1907இல் எல்லிஸ் தீவில் வந்திறங்கும் டேவிட் என்ற யூதச் சிறுவனின் கதை அது. முதலில் புரூக்ளினின் பிரவுன்ஸ்வில், பிறகு மன்ஹட்டனின் கீழ்க்கிழக்குப் பகுதி. வேலை நிலைக்காத, கை ஓங்கும் தகப்பன். அன்பு நிறைந்த தாய். நிலவறையின் இருட்டின் மீதான பயம். றொத் மொழியில் செய்த காரியம்தான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. வீட்டுக்குள் பேசப்படும் யித்திஷ், நாவலில் செழுமையான, நுட்பமான ஆங்கிலமாக வருகிறது. தெருவில் பிள்ளைகள் பேசும் ஆங்கிலமோ உடைந்த ஆங்கிலமாகவே வருகிறது. வெளியுலகம் 'மொழி தெரியாதவள்' என்று கணிக்கும் தாய், வீட்டுக்குள் முழு மனுஷியாகிறாள். இரண்டு மொழிகளுக்கு நடுவில் வளரும் ஒரு பிள்ளையின் தலைக்குள் என்ன நடக்கிறது என்பதை இவ்வளவு உள்ளிருந்து சொன்ன படைப்புகள் குறைவு.

இந்த நாவலுக்கு நேர்ந்த கதி எங்களுக்கு ஒரு பாடம். றொத் கம்யூனிஸ்ட் கட்சியைச் சார்ந்திருந்தவர். ஆனால் இடதுசாரிச் சஞ்சிகையான 'நியூ மாஸஸ்' நாவலைக் குறைகூறியது. உழைக்கும் வர்க்க வாழ்விலிருந்து வந்த ஒருவர் அந்த அனுபவத்தைச் சிறுவனின் அகவுலகத்தில் செலவழித்துவிட்டார் என்பது அதன் விசனம். வெளியிட்ட பதிப்பகமும் விரைவில் நொடித்துப்போனது. நூல் மறக்கப்பட்டது. 1964இல் மலிவுப் பதிப்பாக மீண்டும் வந்தபோது பத்து இலட்சத்துக்கு மேல் விற்பனையானது. றொத்தின் அடுத்த நாவல் வெளிவந்ததோ 1994இல், அறுபது ஆண்டுகள் கழித்து. அந்த மௌனத்திற்குப் பல காரணங்கள் உண்டு. விமர்சனம் ஒன்றே காரணம் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் பிள்ளையின் பயத்தை அரசியல் அல்லாத விடயமாகக் கண்ட அந்த விமர்சன மனோபாவம் எங்களுக்குப் புதியதல்ல.

அதே முப்பதுகளில் ஹொலிவூட் முதலாவது கேள்வியைக் கையில் எடுத்தது. சிட்னி கிங்ஸ்லியின் 1935ஆம் ஆண்டு நாடகத்தை வைத்து வில்லியம் வைலர் இயக்கிய 'டெட் என்ட்' 1937இல் வெளிவந்தது. ஆற்றங்கரையில் பணக்காரரின் மாடிக் குடியிருப்பு, அதன் காலடியில் சேரி, நடுவே தெருப் பையன்கள். சேரியையே ஸ்ரூடியோவுக்குள் கட்டி எழுப்பினார்கள். அடுத்த ஆண்டு வந்த 'ஏஞ்சல்ஸ் வித் டேர்ட்டி ஃபேசஸ்' படத்தில் ஒரு பக்கம் கொள்ளைக்காரன், மறுபக்கம் பாதிரியார். இருவரும் ஒரே தெருவில் வளர்ந்தவர்கள். பையன்கள் யார் பின்னால் போகப் போகிறார்கள் என்பதே கதை. வறுமைதான் குற்றத்தின் தாய் என்று இப்படங்கள் சொல்லின. அது முற்போக்கான செய்திதான். ஆனால் இதில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அந்தப் பையன்கள் வெள்ளையர். அவர்களைக் காப்பாற்ற முடியும் என்று படமும் நம்பியது; பார்வையாளரும் நம்பினர்.

அந்த நம்பிக்கைக்குப் பின்னால் கல்லும் சீமெந்தும் இருந்தன. 1934இல் உருவாக்கப்பட்ட கூட்டாட்சி வீடமைப்பு நிர்வாகம், வீட்டுக் கடன்களுக்கு அரச உத்தரவாதம் வழங்கியது. கறுப்பர்கள் வாழும் பகுதிகளை 'அபாயமானவை' என்று வகைப்படுத்தி அந்த உத்தரவாதத்தை மறுத்தது. 1947இல் லோங் ஐலண்டில் எழத் தொடங்கிய லெவிற்ரவுன் புறநகர், கறுப்பர்களுக்கு வீடு கொடுக்கவில்லை. இத்தாலிய, யூத, ஐரிஷ் குடும்பங்களின் பிள்ளைகளில் ஏராளமானோர் வாடகைக் குடியிருப்பிலிருந்து புல்தரைக்குப் போனார்கள். அவர்களுக்குத் தெரு ஒரு நினைவாயிற்று. தெற்கிலிருந்து வந்த கறுப்பர்களுக்கு அதே தெரு சுவராயிற்று. திரையும் கூடவே குடிபெயர்ந்தது. 1982இல் வந்த 'ஈ.ரி.' படத்தில் அதிசயம் நிகழும் இடம் புறநகர் வீட்டின் பின்வளவு. நகரம் பொலிஸ் படங்களுக்கு ஒதுக்கப்பட்டது.

றிச்சர்ட் றைற் 1940இல் எழுதிய 'நேற்றிவ் சன்' அந்தச் சுவருக்குள்தான் தொடங்குகிறது: சிக்காகோவின் தென்பகுதி, நான்கு பேர் வாழும் ஒற்றை அறை, ஒரு எலி. இருபது வயது பிகர் தோமஸ் கொலையாளியாகிறான். அமெரிக்காதான் அவனைச் செய்தது என்றார் றைற். 1949இல் ஜேம்ஸ் போல்ட்வின் பாரிஸிலிருந்த ஒரு சிறுசஞ்சிகையில் இதனை மறுத்து எழுதினார். எதிர்ப்பு நாவல் மனிதனை அவனது வகைக்குள் அடைத்துவிடுகிறது, பிகர் தன்னை வெறுப்பவர்களின் வரையறையையே ஏற்றுக்கொண்டவன் என்பது அவரது வாதத்தின் சாரம். அப்போது இருவரும் வாழ்ந்தது பாரிஸில். இருவருமே ஒருவகையில் புலம்பெயர்ந்தவர்கள். நான் இதில் முழுமையாகப் போல்ட்வின் பக்கமல்ல. றைற்றின் கோபம் இல்லாமல் போல்ட்வினின் நுட்பம் சாத்தியமாகியிராது. ஆனால் கேள்வியைச் சரியாக வைத்தவர் போல்ட்வின்.

இப்போது இரண்டு விடயங்களை அருகருகே வைக்கிறேன். ஒன்று படம், மற்றது வழக்கு.

1953இல் மொறிஸ் எங்கல், றூத் ஓர்கின், றே ஆஷ்லி ஆகியோர் சேர்ந்து எடுத்த 'லிற்றில் ஃபியூஜிற்றிவ்', வெனிஸ் விழாவில் வெள்ளிச் சிங்கம் பெற்றது. பிரெஞ்சுப் புதிய அலைக்கு வழிகாட்டிய படம் என்று திருஃபோ இதனைப் பாராட்டியிருக்கிறார். புரூக்ளினின் ஏழு வயது ஜோயியிடம், நீ உன் அண்ணனைச் சுட்டுக் கொன்றுவிட்டாய் என்று பையன்கள் விளையாட்டாகப் பொய் சொல்கிறார்கள். அவன் கோனி ஐலண்டுக்கு ஓடிப்போகிறான். சிறிய கமராவுடன் உண்மையான கூட்டத்துக்குள் புகுந்து எடுத்த படம். ஜோயி வெற்றுப் போத்தல்களைப் பொறுக்கிக் கொடுத்துக் காசு சேர்த்துக் குதிரைச் சவாரி போகிறான். தன்னைக் கொலைகாரன் என்று நம்பும் பிள்ளை, ஆயிரக்கணக்கானோர் நடுவே தனியே திரிகிறான். யாரும் அவனைக் கண்டு அஞ்சவில்லை.

1989 ஏப்ரலில் நியூயோர்க்கின் சென்ற்றல் பூங்காவில் ஒரு பெண் மிகக் கொடூரமாகத் தாக்கப்பட்டார். 14 முதல் 16 வயது வரையிலான ஐந்து கறுப்பின, லத்தீன் அமெரிக்கச் சிறுவர்கள் கைதானார்கள். மணிக்கணக்கான விசாரணையில் 'ஒப்புதல் வாக்குமூலம்' பெறப்பட்டது. பத்திரிகைகள் அவர்களை ஓநாய்க் கூட்டம் என்றன. 1990இல் குற்றவாளிகளாகக் காணப்பட்டனர். 2002இல் உண்மைக் குற்றவாளியின் வாக்குமூலமும் மரபணுச் சோதனையும் வெளிவந்தபின் தீர்ப்புகள் ரத்தாயின. ஜோயி தன்னைக் குற்றவாளி என்று நம்பினான். உலகம் அவனைப் பிள்ளையாகவே கண்டது. இவர்கள் குற்றமற்றவர்கள், இவர்களை எவரும் பிள்ளைகளாகக் காணவில்லை.

முதலாவது கேள்வி போய் முடிந்த இடம் இதுதான். 1995இல் அரசியல் அறிஞர் ஜோன் டிஇயூலியோ, ஈவிரக்கமற்ற புதியதொரு சிறார் தலைமுறை வருகிறது என்று எச்சரித்து, அவர்களுக்கு 'சூப்பர் பிறிடேற்றர்' என்று பெயரிட்டார். 'பெருவேட்டை மிருகம்' என்று தமிழில் சொல்லலாம். அப்படியொரு தலைமுறை வரவில்லை. சிறார் குற்றங்கள் குறைந்தன. அவரே பின்னர் தவறை ஒப்புக்கொண்டார். ஆனால் தொண்ணூறுகளில் பெரும்பாலான மாநிலங்கள் சிறுவர்களை வளர்ந்தோர் நீதிமன்றங்களுக்கு அனுப்புவதை இலகுவாக்கியிருந்தன. பதினெட்டு வயதுக்குள் செய்த குற்றத்திற்கு மரணதண்டனை கூடாது என்று உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது 2005இல்தான்.

இரண்டாவது கேள்வியைக் கேட்டவர்கள் இந்தக் காலம் முழுவதும் இருந்தார்கள். போல் மார்ஷலின் 'பிறவுன் கேர்ள், பிறவுன்ஸ்ரோன்ஸ்' 1959இல் வந்தது. பார்படோஸிலிருந்து புரூக்ளினுக்கு வந்த குடும்பத்தின் மகள் செலினா. தாய்க்கு இங்கே ஒரு வீடு வாங்க வேண்டும். தகப்பனுக்கு ஊரில் கிடைத்த காணித்துண்டில் ஒருநாள் வீடு கட்ட வேண்டும். தாய் அவருக்குத் தெரியாமல் காணியை விற்றுவிடுகிறாள். இரண்டு கனவுகளுக்கும் நடுவில் ஒரு சிறுமி வளர்கிறாள். தெருப்பையன்களின் கதைகளில் காணாமற்போன பெண்பிள்ளை இங்கே இருக்கிறாள். இந்நாவலும் நீண்டகாலம் கவனிப்பாரற்றுக் கிடந்து, 1981இல் ஒரு பெண்ணியப் பதிப்பகத்தால் மீட்கப்பட்டது.

சாள்ஸ் பேர்னெற்றின் 'கில்லர் ஒஃப் ஷீப்' 1978இல் முதலில் காட்டப்பட்டது. பல்கலைக்கழகப் பட்டத்திற்காகப் பத்தாயிரம் டொலருக்கும் குறைவாக எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். களம் லொஸ் ஏஞ்சல்ஸின் வாற்ஸ் பகுதி. 1965இல் கிளர்ச்சி வெடித்து 34 பேர் இறந்த இடம். அங்கே துப்பாக்கிகளை எதிர்பார்த்துப் போன நான், பிள்ளைகள் புழுதியில் கல்லெறிவதையும், ஒரு கூரையிலிருந்து மறுகூரைக்குத் தாவுவதையும், நாய் முகமூடி அணிந்த சிறுமி பேசாமல் நிற்பதையும் கண்டேன். அவர்கள் என்னவாகப் போகிறார்கள் என்று படம் சொல்வதில்லை. பாடல்களின் உரிமைப் பிரச்சினையால் 2007வரை அது திரையரங்குகளுக்கு வரவில்லை. 1991இல் வந்த ஜோன் சிங்கிள்ற்றனின் 'போய்ஸ் இன் த ஹூட்' படத்தின் தொடக்கப் பகுதியிலும், சிறுவர்கள் ஒரு பிணத்தைப் பார்க்க நடந்துபோகிறார்கள். அந்த நடை எங்கள் ஞாபகத்தில் இல்லை. துப்பாக்கி மட்டும் இருக்கிறது.

றொத் முப்பது ஆண்டுகள், மார்ஷல் இருபத்திரண்டு, பேர்னெற் ஏறத்தாழ முப்பது. பிள்ளையை உள்ளிருந்து காட்டிய படைப்புகள் காத்துக் கிடந்த காலம் இது. பிள்ளையை அபாயமாகக் காட்டியவை ஒருநாளும் காத்திருக்கவில்லை.

எங்களுக்கு இதில் என்ன? 'ரவுண் கெடுத்துப்போடும்' என்ற வாக்கியத்தை நாங்கள் சொல்லும்போது, எங்கள் பிள்ளைகளைப் பற்றி மற்றவர்கள் எழுதிவைத்த குற்றப்பத்திரிகையை நாங்களே வாசித்துக் காட்டுகிறோம். இதைவிடக் கடினமான கேள்வி இன்னொன்று உண்டு. நாளை எங்கள் பிள்ளையொன்று, எங்கள் வீட்டை, அதன் அன்பையும் தகப்பன் ஓங்கிய கையையும் சேர்த்து, தமிழல்லாத ஒரு மொழியில் எழுதினால் நாங்கள் என்ன சொல்வோம்? இனத்தைக் காட்டிக் கொடுத்ததென்போமா? போராட்டம் இல்லை, அரசியல் இல்லை என்று 'நியூ மாஸஸ்' போலத் தள்ளி வைப்போமா? அந்தப் புத்தகம் முப்பது வருடம் காத்திருக்க நேர்ந்தால், அதனைத் திறந்து பார்க்க எங்களில் எவரும் இருக்கப் போவதில்லை. இதைப் பற்றி இவ்விதழின் வாசகர்கள் எழுத வேண்டும். பிள்ளைகளையும் எழுதச் சொல்லுங்கள், அவர்களுக்கு வரும் மொழியில்.