பாண்டையா: கிரேக்கத் தொன்மத்தில் பாண்டிய நாடு

கிரேக்கத் தொன்மத்தின் மாவீரன் ஹெராக்கிளிஸுக்கு இந்தியாவில் பாண்டையா என்ற மகள் பிறந்தாள். அவள் ஆண்ட நாட்டுக்கு அவள் பெயரே வழங்கிற்று. இப்படி எழுதியவர், கி.மு. 300ஐ ஒட்டிச் சந்திரகுப்த மௌரியரிடம் தூதராக வந்த மெகஸ்தனிஸ். அவருடைய 'இண்டிகா' அழிந்துபோயிற்று. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் அர்ரியன் எடுத்தாண்டதால் இக்கதை தப்பியது.

தந்தை மகளுக்கு 500 யானைகளும் 4,000 குதிரை வீரர்களும் 1,30,000 காலாட்களும் கொடுத்தாராம். கடலில் முத்தைக் கண்டு, அவளுக்கு அணிவிக்கவே அவற்றைத் திரட்டினாராம். தேனீக்களைப் போல முத்துச்சிப்பிகளுக்கும் அரசன் உண்டு, அவன் அகப்பட்டால் மற்றவை வலையில் சிக்கும் என்றும் வருகிறது. வலையாம்! நம் கடலில் மூச்சடக்கி மூழ்கித்தான் சிப்பி எடுத்தார்கள்.

பாண்டையாவே மதுரை மீனாட்சி என்பாருண்டு. நானும் வகுப்பில் அப்படிச் சொன்னதுண்டு, சொல்லியிருக்கக் கூடாது. பாண்டிய நாட்டைப் பெண் ஆண்டாள் என்பதே இரண்டுக்கும் பொது. மீனாட்சி கதையைச் சொல்லும் திருவிளையாடல் நூல்கள் ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேல் பிந்தியவை. பாண்டியர் பெயரும் முத்தின் புகழும் அன்றே வடக்கே எட்டியிருந்தன என்பதுவரை கொள்ளலாம்.

கி.பி. முதல் நூற்றாண்டின் கிரேக்கக் கடல்வழி நூலான 'பெரிப்ளூஸ்' கொல்கோய் என்ற ஊரைக் குறிக்கிறது. அது ஸ்ரீவைகுண்டத்துக்குக் கிழக்கேயுள்ள கொற்கை. அங்கே ஹெராக்கிளிஸும் இல்லை, மகளும் இல்லை. பாண்டியருக்காக முத்துக் குளித்தவர்கள் தண்டனை பெற்ற கைதிகள் என்கிறது அந்நூல்.