மார்க்‌ஷீட் எங்கே? போனில் நொடியில் எடுக்க 4 வழிகள்!

கவுன்சலிங் அப்லோடுக்கு இன்னைக்குக் கடைசி நாள். 'ஸ்கேன்0047' என்று சேமித்த மார்க்‌ஷீட்டை வாட்ஸ்அப்பில் தேடிக்கிட்டிருக்கீங்களா? இதைப் படிங்க.

பெயர்: '2024-05-06 பிளஸ் டூ மார்க்‌ஷீட்' என ஆண்டு, மாதம், நாள் வரிசையில் வையுங்கள். பெயர்வாரியாக அடுக்கினாலே காலவரிசை தானா வந்துடும்.

ஃபோல்டர்: படிப்பு, அடையாளம், வங்கி, மருத்துவம். நாலே போதும்.

தேடல்: கூகுள் டிரைவில் ஏற்றினால், ஸ்கேன் பக்கத்துக்குள் இருக்கும் எழுத்துகளை வைத்தும் தேடலாம். படம் தெளிவா இருக்கணும்.

டிஜிலாக்கர்: 2015-ல் மத்திய அரசு தொடங்கியது. துறைகள் நேரடியாக வழங்கும் 'இஷ்யூடு' ஆவணங்கள் சட்டப்படி அசலுக்குச் சமம். நாமே அப்லோடு செய்தவை அப்படியல்ல!

ஒரு காப்பி போனில், இன்னொன்று டிரைவில் இருக்கட்டும். போன் தொலைஞ்சாலும் சீட் தொலையாது!