பயத்தை எப்பிடி எண்ணுறது? 1988 ஜனாதிபதித் தேர்தலும் ஒரு நீண்ட வழக்கும்

1988 டிசம்பர் 19 ஜனாதிபதித் தேர்தலைப் பற்றி எங்கட வயதுக்காரருக்குப் பெரிசா ஒண்டும் தெரியாது. பிரேமதாச வென்றார், சிறிமாவோ தோற்றார், அவ்வளவுதான். அந்த முடிவை எதிர்த்து நடந்த வழக்கு மூன்று வருடத்துக்கு மேல் இழுபட்டது. நாங்கள் அதைத் தேடி வாசிக்கத் தொடங்கினது இந்த எண்களைப் பார்த்த பிறகு.

பிரேமதாசவுக்கு 2,569,199 வாக்குகள். சிறிமாவோவுக்கு 2,289,860. மூன்றாவதாக வந்த ஒஸி அபேகுணசேகரவுக்கு 235,719. செல்லுபடியான வாக்குகளில் பாதிக்கு மேல் எடுத்தால்தான் முதல் எண்ணிக்கையிலேயே வெற்றி. பிரேமதாச அந்தப் பாதியைத் தாண்டியது வெறும் 21,810 வாக்குகளால். ஆனால் பதிவான வாக்காளரில் கிட்டத்தட்ட 42 இலட்சம் பேர் வாக்களிக்கவே இல்லை. 1982 இல் 81 வீதமாக இருந்த வாக்களிப்பு 55 வீதமாக விழுந்திருந்தது.

ஏன் போகவில்லை? தெற்கில் ஜே.வி.பி. தேர்தலைப் பகிஷ்கரிக்கச் சொன்னது. வாக்களிக்கப் போறவர்களுக்கு மரண அச்சுறுத்தல். அரசின் பக்கத்திலிருந்தும் கொலைகள் நடந்துகொண்டிருந்தன. வடக்கு கிழக்கில் இந்தியப் படை நின்ற காலம். எங்கட அம்மா அப்பாமாரிடம் கேட்டால், தேர்தல் நடந்ததே ஞாபகம் இல்லை என்பவர்களும் இருப்பினம்.

சிறிமாவோ 1989 இல் உயர் நீதிமன்றத்தில் தேர்தல் மனு போட்டார். ஜனாதிபதித் தேர்தலைப் பற்றிய மனு கீழ் நீதிமன்றங்களுக்குப் போகாது, நேரே அங்கேதான்.

1981 ஆம் ஆண்டின் ஜனாதிபதித் தேர்தல் சட்டத்தில் இரண்டு வழிகள் முக்கியமானவை. ஒன்று ஊழல் செயல்: இலஞ்சம், ஆள்மாறாட்டம், தகாத செல்வாக்கு போன்றவை. இதை வேட்பாளரோ அவருடைய முகவரோ செய்ததாக நிரூபித்தால் தேர்தல் செல்லாது. வாக்கு வித்தியாசம் எவ்வளவு என்பது இங்கே பிரச்சினையில்லை. நாடாளுமன்ற ஆசனங்கள் வழக்கில் பறிபோன வரலாறு எங்களுக்கு உண்டு. 1977 இல் காலியில் தோற்ற முன்னாள் பிரதமர் தகநாயக்க (துணி விலையைக் கண்டித்து கோவணத்தோட சபைக்குப் போனவர் இவர்தான்) மனுவில் வென்று, 1979 இடைத்தேர்தலில் திரும்பவும் உள்ளே போனார்.

இரண்டாவது வழிதான் 1988 ஐத் தொடுவது: பொதுவான அச்சுறுத்தல். இதில் யார் அச்சுறுத்தினார் என்பது கேள்வியே இல்லை. வென்றவருக்கு அதில் பங்கு இருக்கவேண்டிய தேவையும் இல்லை. ஆனால் அச்சுறுத்தலால் பெரும்பான்மையான வாக்காளர் தாம் விரும்பிய வேட்பாளரைத் தெரிவு செய்ய முடியாமல் தடுக்கப்பட்டனர், அல்லது தடுக்கப்பட்டிருக்கலாம் என்று காட்டவேண்டும். அந்த 'இருக்கலாம்' என்ற சொல்லில்தான் வழக்கின் உயிரே கிடக்கு.

வீட்டில் இருந்த 42 இலட்சம் பேர் என்பது வென்றவருக்கும் தோற்றவருக்கும் இடையிலான வித்தியாசத்தைப் போல 15 மடங்கு. ஆனால் அவர்களில் எத்தனை பேர் பயத்தால் போகவில்லை, எத்தனை பேர் விருப்பமில்லாமல் போகவில்லை? போயிருந்தால் யாருக்குப் போட்டிருப்பினம்? பயந்தவன் சாட்சிக் கூண்டில் ஏறி 'நான் பயந்தேன்' என்று சொல்லுவானா, அதுவும் 1989 இல்? கொலைகள் உச்சத்தில் இருந்த வருடம் அது. பயத்தை நிரூபிக்கச் சொல்லிக் கேட்கிற சட்டம், பயந்தவர்களிடமிருந்தே ஆதாரம் கேட்கிறது. எங்களுக்கு இது நியாயமாகப் படவில்லை. அதேநேரம், வன்முறை நடந்த ஒவ்வொரு தேர்தலையும் ரத்துச் செய்யலாம் என்றால், துவக்கு வைத்திருக்கிறவன்தான் எந்தத் தேர்தல் செல்லும் என்று முடிவெடுப்பான். அன்றைய ஜே.வி.பி.க்கு அதைவிட நல்ல பரிசு கிடைத்திருக்காது.

1992 இல் மனு தள்ளுபடியானது. வன்முறை நடந்தது சரி, ஆனால் அது பெரும்பான்மையின் தெரிவைத் தடுத்தது என்பதை மனுதாரர் நிறுவவில்லை என்பதுதான் சாரம். வழக்கு நடந்த காலம் முழுக்க, கேள்விக்குள்ளான அந்த மனிதரே ஜனாதிபதியாக நாட்டை ஆண்டுகொண்டிருந்தார்.

1993 மே தினத்தில் பிரேமதாச குண்டுவெடிப்பில் கொல்லப்பட்டார். அடுத்த வருடம் சிறிமாவோ மூன்றாவது தடவையாகப் பிரதமரானார், மகள் ஜனாதிபதியாக இருக்க. 2010 தேர்தலுக்கு எதிராக சரத் பொன்சேகா போட்ட மனுவும் தள்ளுபடியானது. ஜனாதிபதித் தேர்தல் ஒன்றை இலங்கை நீதிமன்றம் இன்றுவரை ரத்துச் செய்ததில்லை.