கடவுளின் கருவி யார்?

1865 ஏப்ரல் 14, பெரிய வெள்ளிக்கிழமை. அன்றிரவு வாஷிங்டனில், ஃபோர்டு நாடக அரங்கில், குடியரசுத் தலைவர் ஆபிரகாம் லிங்கனை ஜான் வில்க்ஸ் பூத் என்னும் நடிகன் சுட்டான். மறுநாள் காலை அவர் உயிர்நீத்தார். கொலையாளியைத் தேடிய பன்னிரு நாட்களை ஜேம்ஸ் சுவான்சனின் ‘மேன்ஹன்ட்’ (2006) என்னும் நூல் விவரிக்கிறது. இவ்வரலாற்றில் திருப்பணியாளராகிய நாம் ஊன்றி நோக்கவேண்டிய செய்தி ஒன்று உண்டு.

ஒளிந்து திரிந்த நாட்களில் பூத் தன் குறிப்பேட்டில், லிங்கனைத் தண்டிக்கக் கடவுள் தன்னைக் கருவியாக்கினார் என்று எழுதினான். ஏப்ரல் 26 அதிகாலை, வர்ஜீனியாவில் ஒரு புகையிலைக் கொட்டகையில் அவன் வளைக்கப்பட்டான். அவனை உயிரோடு பிடிக்கவே படையினர் முயன்றனர். ஆயினும் பக்திவைராக்கியம் மிக்க சார்ஜென்ட் பாஸ்டன் கார்பெட் அவனைச் சுட்டார். தெய்வ ஏவுதலே காரணம் என்றார். விசாரணையில் பூத் சொல்லியிருக்கக்கூடியவை அவனோடு மடிந்தன.

பிரசங்கபீடமும் இதற்கு விலக்கன்று. ஏப்ரல் 16, உயிர்த்தெழுந்த திருநாள். லிங்கன் இரக்கம் மிகுந்தவராதலால், கடுமையான நீதி செலுத்த வல்ல ஒருவருக்கு இடமளிக்கவே கடவுள் அவரை எடுத்துக்கொண்டார் என்று வடமாநிலப் போதகர் சிலர் அன்று கூறினர்.

லிங்கனோ, மார்ச் 4 அன்று ஆற்றிய பதவியேற்புரையில், போரிடும் இரு தரப்பாரும் ஒரே திருமறையை வாசித்து ஒரே கடவுளை வேண்டுவதைச் சுட்டி, கடவுளின் நோக்கம் அவருக்கே உரியது என்றார். அடிமைமுறையின் அநீதியை உரைக்கத் தயங்காத அவர், கடவுளைத் தம் கட்சிக்காரராக்கத் துணியவில்லை.

நாடு கொதிக்கும் நாளில் பீடமேறும் நாம் அநீதியை அநீதி என்றே உரைப்போம். கடவுளின் நோக்கம் முழுவதையும் அறிந்தோம் என்று மட்டும் சொல்லாதிருப்போமாக.